குடும்பச் சூழ்நிலை காரணமாக

ஏப்ரல் 9, புதன்

பேனல் வந்துவிட்டது. தாளில் ‘தேர்ந்தோர் பட்டியல்’ என்று இருக்கும். வாயில் எல்லோருக்கும் பேனல்தான். இளநிலை உதவியாளர்களில் யார் யார் உதவியாளர் ஆகலாம் என்று தலைமை அலுவலகம் வரிசையாகப் பெயர் போட்டு அனுப்பியிருக்கிறது. என் பெயர் இருக்கிறது. அதற்கு நேர் கீழே சுடலைமணி அண்ணன். இருவரும் ஒரே தேர்வு எழுதி, ஒரே வாரத்தில் இந்த அலுவலகத்தில் சேர்ந்தோம். அவர் மதிப்பெண் என்னைவிடத் துளி குறைவு. அதனால் எந்தப் பட்டியல் வந்தாலும் அவர் எனக்கு அடுத்தவர்.

கண்காணிப்பாளர் திருமலைக்கொழுந்து சார் கடலை மிட்டாய் வாங்கிவரச் சொன்னார். எல்லோரும் வாழ்த்தினார்கள். அண்ணனிடம் “பார்ட்டி எப்ப?” என்றார்கள். என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. சார் மட்டும் கேட்டார்.

“எழுதிக் குடுத்துருவேல்லாம்மா?”

“என்ன சார்?”

“உரிமை விடல்தான்.”

பதவி உயர்வு வந்தால் ஊர் மாறும். மாற முடியாதவர்கள், இப்போதைக்கு எனக்கு வேண்டாம் என்று எழுதிக் கொடுக்கலாம். மூன்று வருடத்துக்குப் பெயரைக் கணக்கில் எடுக்க மாட்டார்கள். அதற்குள் பின்னால் நிற்பவர்கள் முன்னால் போய்விடுவார்கள். எங்கள் அலுவலகத்தில் பெண்களிடம், எழுதுவாயா என்று கேட்பதில்லை. எழுதிவிடுவாய் அல்லவா என்றுதான் கேட்பார்கள்.

“பாக்கலாம் சார்” என்றேன்.

எனக்குப் பதவி மேல் பெரிய ஆசை ஒன்றும் இல்லை.

ஏப்ரல் 11, வெள்ளி

பதிவறையில் பழைய கோப்பு தேடப் போனேன். ஞானசௌந்தரி அக்கா ஃபேனுக்கு நேராக நாற்காலியைப் போட்டு உட்கார்ந்திருந்தார். எங்கள் எல்லோரையும்விட மூத்தவர். இன்னும் இளநிலை உதவியாளர்தான்.

“என்ன செண்பகம், உன் பேரும் வந்துட்டாமே. எழுதியாச்சா?”

“இன்னும் இல்லக்கா.”

“மாதிரி வேணும்னா எங்கிட்ட இருக்கு. ‘குடும்பச் சூழ்நிலை காரணமாக’ன்னு ஆரம்பிக்கணும். வேற காரணம் எழுதினா மேல இருந்து கேள்வி வரும். இதுக்கு மட்டும் வராது.”

“நீங்களும் அப்படித்தான் எழுதினீங்களா?”

“பேனல் வர்றப்பல்லாம் அதான் எழுதுதேன். மொதல்ல மாமியாருக்கு முடியல. பெறகு பையனுக்குப் பன்னெண்டாம் வகுப்பு. போன தடவை ஒண்ணுமே இல்ல, பழக்கத்துல எழுதிட்டேன்.” சிரித்தார். “இதுல ஒண்ணு பாத்துக்க. எங்க வீட்டுக்காரருக்கு ரெண்டு தடவை ப்ரமோஷன் வந்துச்சு. ரெண்டு தடவையும் போனாரு. அப்ப அதே குடும்பந்தான், அதே சூழ்நிலதான்.”

கோப்பு கிடைக்கவில்லை. வேறு அலமாரியில் இருக்கலாம்.

ஏப்ரல் 14, திங்கள்

விடுமுறை. கோயிலில் சித்திரைத் தீர்த்தம். அம்மாவும் மதினியும் போய்விட்டு வந்தார்கள். நான் சமைத்தேன். என் அறையில் குழந்தை தூங்கிக்கொண்டிருந்ததால் அடுப்படியில் உட்கார்ந்து படித்தேன். என் அறை என்று எழுதியது பழக்கத்தில். அறையில் இப்போது என் கூடப்பிறந்த அண்ணனுடைய செல்போன் கடைச் சரக்குப் பெட்டிகளும் குழந்தையின் தொட்டிலும் இருக்கின்றன. நடுவில் என் கட்டில்.

சாத்தூரில் இருந்து வந்த வரன் சரிவராது என்று அண்ணன் முடிவு சொல்லிவிட்டான். மாப்பிள்ளை அதிகமாகப் பேசுகிறாராம். அதற்கு முன்பு வந்தவர் பேசவே இல்லை. அதற்கும் முன்பு ஒருவர் அளவாகப் பேசினார். அவர் ஊர் சரியில்லை. அண்ணன் எனக்காக மிகவும் நுணுக்கமாகப் பார்க்கிறான்.

சாப்பிடும்போது பேனல் விஷயத்தைச் சொன்னேன்.

“சம்பளம் கூடுமா?” என்றான் அண்ணன்.

“கூடும்.”

“நம்ம ஊர்லயே போடுவாங்களா?”

“தெரியாது. வேற ஊர்னா உரிமை விடல் எழுதிக் குடுக்கலாம்.”

“வேற ஊர்னா எழுதிக் குடுத்துரு. நம்ம ஊர்னா வாங்கிரு” என்றான். முடிவு செய்ய அவனுக்கு ஒரு வாய்ச் சோறு மெல்லும் நேரம்தான் ஆயிற்று. என் ஏடிஎம் கார்டு அவனிடம்தான் இருக்கிறது. வசதிக்காக. நான் பேங்குக்கு அலைய வேண்டாம் என்று அவனே பார்த்துக்கொள்கிறான்.

அப்பா ரசம் மட்டும் இன்னொரு முறை கேட்டார்.

ஏப்ரல் 22, செவ்வாய்

காலியிட விவரம் வந்தது. மே கடைசியில் எங்கள் அலுவலகத்துப் பிச்சையா சார் ஓய்வு பெறுகிறார். அதனால் கோவில்பட்டி ஓர் இடம். மற்றவை எல்லாம் தூரம். கடைசியில் இருப்பது கூடலூர்.

கலந்தாய்வு ஜூனில், திருச்சியில். வரிசைப்படி கூப்பிடுவார்கள், முன்னால் இருப்பவர் முதலில் ஊரைத் தேர்ந்தெடுக்கலாம். சார் எல்லாவற்றையும் கூட்டிக் கழித்துவிட்டார். எனக்கு மேலே இருப்பவர்கள் எல்லோரும் வடக்கத்திக்காரர்கள், கோவில்பட்டியைத் தொட மாட்டார்கள். ஆகவே அது என்வரைக்கும் வரும். நான் உரிமை விட்டுவிட்டால் அடுத்து சுடலைமணி அண்ணனுக்கு வரும். விடாவிட்டால் நான் அதை எடுத்துக்கொள்வேன், அவர் கூடலூருக்கோ எங்கேயோ போக வேண்டும்.

“அவன் பிள்ளைகுட்டிக்காரன்மா. நீ நாளைக்கே கல்யாணம் ஆகி எந்த ஊருக்குப் போவேன்னு உனக்கே தெரியாது” என்றார். அன்பாகத்தான் சொன்னார். தன் பிளாஸ்க்கில் இருந்து எனக்கும் காபி ஊற்றினார்.

வீட்டில் கேட்டார்கள். கோவில்பட்டியும் இருக்கிறது, கூடலூரும் இருக்கிறது என்றேன்.

“கூடலூரா? நம்ம பெரியம்மா வீட்டுப் பக்கமுல்லா?” என்றாள் அம்மா. “கம்பத்துக்கு அங்கிட்டு. திராட்சைத் தோட்டமா இருக்கும்.”

அது தேனிக் கூடலூர். இது நீலகிரிக் கூடலூர். நான் திருத்தவில்லை. எப்படியும் போகப்போவதில்லையே.

ஏப்ரல் 23, புதன்

கூடலூரில் ஜூன் மாதம் எப்படி மழை பெய்யும் என்று சும்மா பார்த்தேன்.

ஏப்ரல் 30, புதன்

வெயில். கரிசல் பூமி வெடித்துக் கிடக்கிறது. அலுவலக ஜன்னல் கம்பியைத் தொட முடியவில்லை.

மெயின் ரோட்டுத் துணிக்கடையில் பழைய ஸ்வெட்டர்களைத் தள்ளுபடியில் போட்டிருந்தார்கள். சாம்பல் நிறத்தில் ஒன்று வாங்கினேன். கடைக்காரர் என்னை ஒரு மாதிரி பார்த்தார்.

“மார்கழிக்கா, இப்பவேயா?”

“அப்பாவுக்கு” என்றேன்.

அப்பாவுக்கு அதிகாலையில் சளி பிடிக்கிறது. இப்போது வாங்கினால் விலை குறைவு.

மே 6, செவ்வாய்

மதியச் சாப்பாட்டை நானும் சுடலைமணி அண்ணனும் பங்கு போட்டுக்கொள்வது வழக்கம். அவர் மனைவி அரசு மருத்துவமனையில் நர்ஸ். இரவு வேலை என்றால் அண்ணன்தான் சமைப்பார், அன்று நான் பங்கு கேட்பதில்லை. இன்று அவருடைய சமையல், அவரே கொஞ்சம் வைத்தார். எலுமிச்சம்பழச் சோறு.

“உப்பு சரியா இருக்கா?”

“எலுமிச்சம்பழம்தான் வரல போலருக்கு.”

“லீவு லெட்டர் குடுத்துருச்சு” என்றார்.

பிறகு சிரிப்பு நின்றது. அவர் மகள் தமயந்திக்குப் பிறவியிலேயே காது கேட்காது. அறுவை சிகிச்சை செய்து, காதுக்குப் பின்னால் கருவி வைத்திருக்கிறார்கள். இப்போது பேச்சுப் பயிற்சிக்குத் திருநெல்வேலிக்குக் கூட்டிப் போகிறார்கள். பயிற்சியை விட்டுவிட்டால் கருவி வைத்ததே வீண்.

“நேத்து ‘ப்பா’ன்னு சொன்னா. ‘அ’ வரல. ஆனா ‘ப்பா’ வந்துருச்சு.” டப்பாவை மூடினார். “செண்பகம், நான் உங்கிட்ட எதையும் கேக்க மாட்டேன். எனக்கு முன்னால இருக்கிறது நீ. உன் உரிமை அது. வீட்ல அவ தெனம் கேக்கா, செண்பகம் என்ன சொல்லிச்சுன்னு. நான் கேக்கவே இல்லன்னு சொன்னா நம்ப மாட்டேங்கா.”

“நீங்க கேக்கலைண்ணே. நானே போய்ச் சொல்லணும்னா சொல்லுதேன்.”

“அதுக்கும் திட்டுவா. உன்னய ஏன் இதுல இழுத்தேன்னு.”

அவர் போன பிறகு வெகுநேரம் கை கழுவினேன்.

மே 9, வெள்ளி

மாடியில் ஒரு அறை கட்டப் போவதாக அண்ணன் சொன்னான். சம்பளம் கூடினால் எனக்குக் கூடுதலாகக் கடன் கிடைக்குமாம். விசாரித்துவிட்டு வந்திருக்கிறான்.

“யாருக்கு அறை?” என்றேன்.

“வீட்டுக்குத்தான்.”

சுடலைமணி அண்ணன் மகளைப் பற்றிச் சொன்னேன்.

“ஊருல ஆயிரம் பேருக்கு ஆயிரம் இருக்கும். அதுக்கு நீ சீட்டை விட்டுக் குடுப்பியா? உன் ரேங்க்ல நீ வாங்குன எடம்” என்றான். என் ரேங்க்கைப் பற்றி அவன் பேசியது இதுதான் முதல் தடவை. தேர்வு முடிவு வந்த அன்று, டைப்பிங் தெரிந்தவர்களுக்கு ஈஸியாகக் கிடைத்துவிடும் என்று சொன்னான்.

அவன் சொன்னதில் தவறில்லை. சார் சொன்னதிலும் தவறில்லை. ஒருவர் விடு என்கிறார், ஒருவன் விடாதே என்கிறான். இரண்டு பேரும் என்னை நன்றாக வைத்துக்கொள்ளத்தான் பார்க்கிறார்கள்.

மே 10, சனி

நூலகத்தில் நீலகிரி மாவட்டத்தைப் பற்றி ஒரு புத்தகம் இருந்தது. எடுத்துவந்தேன். வேறு நல்ல புத்தகம் எதுவும் இல்லை.

மே 15, வியாழன்

பவானிசாகர் பயிற்சியில் கேட்ட ஒரு வகுப்பு இன்று நினைவுக்கு வந்தது. வேலையில் சேர்ந்த புதிதில் எல்லோரும் அங்கே போய்த்தான் ஆக வேண்டும். மதியச் சாப்பாட்டுக்குப் பிந்தைய வகுப்பு; பாதிப் பேர் தூங்கினார்கள். பணிச் சட்டம் எடுத்தவர் கரும்பலகையில் ஒரே ஒரு வரி எழுதிவிட்டு அதையே விளக்கிக்கொண்டிருந்தார். பதவி உயர்வு உங்கள் உரிமை அல்ல. பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவதுதான் உங்கள் உரிமை.

அப்போது அது எனக்கு ஏமாற்று வேலை போல இருந்தது. கொடுக்க மாட்டார்களாம், யோசிப்பார்களாம். இன்று தட்டச்சு செய்துகொண்டிருக்கும்போது வேறு மாதிரி தோன்றியது. கிடைப்பது, கிடைக்காமல் போவது பிறகு. முதலில் உன் பெயரை எடுத்து மேசையில் வைத்து, இவள் யார், இவளுக்கு என்ன தகுதி, இவளுக்கு என்ன கொடுக்கலாம் என்று நாலு பேர் யோசிக்க வேண்டும். யோசிக்காமல் தாண்டிப் போனால் கோர்ட்டுக்குப் போகலாம். அரசாங்கத்துக்கே அப்படி ஒரு கட்டாயம் இருக்கிறது.

அம்மாவுக்கு மருந்து வாங்க வேண்டும். குழந்தைக்கு ராகி மாவு.

‘உரிமை விடல்’ என்பதையும் யோசித்தேன். ஒன்றை விட வேண்டுமானால் அது முதலில் நம் கையில் இருந்திருக்க வேண்டும்.

மே 20, செவ்வாய்

சார் கடிதத்தைத் தட்டச்சு செய்தே கொண்டுவந்துவிட்டார். பெயர், பதவி, எல்லாம் இருந்தது. கையெழுத்துக்கு மட்டும் கீழே இடம். ‘குடும்பச் சூழ்நிலை காரணமாக’ என்று முதல் வரி.

“குடும்பச் சூழ்நிலைன்னா என்னன்னு கீழே எழுத வேண்டாமா சார்?”

“அதுக்கு மேல ஒண்ணும் எழுத வேண்டாம்மா. அதுலயே எல்லாம் அடங்கிரும்.”

“யாராவது கேட்டா?”

“இத்தன வருஷத்துல எவனும் கேட்டதில்ல.”

சுடலைமணி அண்ணன் தன் மேசையில் தலை நிமிராமல் எழுதிக்கொண்டிருந்தார். அவர் பேனா நகரவில்லை.

“திருச்சிக்குப் போயே குடுத்துருதேன் சார்” என்றேன்.

“எதுக்கு வீண் அலைச்சல்? இங்க குடுத்தா நான் மேல அனுப்பிருவேன்.”

“கூப்பிட்டிருக்காங்க சார். ஒரு தடவை போய்ட்டு வாரேன். என் பேரை எப்படிக் கூப்பிடுதாங்கன்னு பாக்கணும்.”

சார் அதை வேடிக்கையாக எடுத்துக்கொண்டார். கடிதத்தை மடித்துக் கைப்பையில் வைத்தேன்.

மே 27, செவ்வாய்

அண்ணனிடம் கார்டைக் கேட்டேன்.

“எதுக்கு?”

“புத்தகம் வாங்கணும்.”

“என்ன புத்தகம்னு சொல்லு, நான் ஆன்லைன்ல போட்டுத் தாரேன்.”

“பாத்துதான் வாங்கணும்.”

கொடுத்தான். மாலையில் திருப்பிக் கேட்டான். நாளைக்குத் தருகிறேன் என்றேன்.

மே 31, சனி

பிச்சையா சாருக்கு வழியனுப்பு விழா. மாலை, சால்வை, குரூப் போட்டோ. ஜன்னலோரம் இருந்த அவருடைய நாற்காலியைத் துடைத்து வைத்துவிட்டார்கள். ஞானசௌந்தரி அக்கா என் காதருகில், “உக்காந்து பாக்கியா?” என்றார். வேண்டாம் என்றேன். உண்மையாகவே வேண்டாம். அந்த ஜன்னலைத் திறந்தால் எங்கள் தெரு முக்கு தெரியும்.

அலமாரியில் எதையோ தேடிய அப்பா ஸ்வெட்டரைப் பார்த்துவிட்டார். “உங்களுக்குத்தான் வாங்கினேன்” என்றேன். அப்பா அந்த வெயிலில் அதைப் போட்டுப் பார்த்தார். கை மணிக்கட்டுக்கு மேலேயே நின்றுவிட்டது. பொத்தான் எட்டவில்லை. கழற்றி, மில்லில் நூல்கண்டு அடுக்கிய காலத்துப் பழக்கமோ என்னவோ, ஓரம் பிசகாமல் மடித்து என் கையில் கொடுத்தார்.

“கூடலூர்ல மழை உண்டுல்லா?” என்றார்.

“எந்தக் கூடலூர்ப்பா?”

“நீ படிச்சிட்டு இருக்கிற புத்தகத்துல உள்ள கூடலூர்.”

ரேடியோவைப் போட்டுக்கொண்டார்.

ஜூன் 5, வியாழன்

திருச்சி. நானும் சுடலைமணி அண்ணனும் காலைப் பேருந்தில் சேர்ந்து போனோம். அண்ணன் வழியெல்லாம் கிரிக்கெட் பேசினார். எனக்குக் கிரிக்கெட் தெரியாது என்று அவருக்குத் தெரியும்.

கூடத்தில் பெரிய திரை. ஒவ்வொருவராகப் போகப் போக ஊர்கள் மறைந்துகொண்டே வந்தன. சார் போட்ட கணக்கு சரிதான். யாரும் கோவில்பட்டியைத் தொடவில்லை. கூடலூரையும்.

“சி. செண்பகவல்லி.”

ஒலிபெருக்கியில் கூப்பிட்டார்கள். ‘ல்லி’யைச் சரியாகச் சொன்னார்கள்.

மேசைக்குப் பின்னால் இருந்த அதிகாரி அம்மா கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு என்னைப் பார்த்தார்.

“ஏத்துக்கறீங்களா, உரிமை விடறீங்களா?”

“ஏத்துக்கறேன் மேடம்.”

பின்னால் சுடலைமணி அண்ணனின் நாற்காலி லேசாகக் கிரீச்சிட்டது. நான் திரும்பவில்லை.

“எந்த இடம்?”

“கூடலூர்.”

அவர் கை தாளில் பாதியில் நின்றது. “உங்க சொந்த ஊரே காலியா இருக்கேம்மா. திரையைப் பாத்தீங்களா?”

“பார்த்தேன் மேடம்.”

“இந்த ஊருக்காக வெளியில எத்தனை பேர் காத்திருக்காங்க தெரியுமா? அதை விட்டுட்டு யாராவது மலைக்குப் போவாங்களா? ஏன்?”

அவர் கேட்டது கண்டிப்பாக இல்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். வீட்டில், அலுவலகத்தில், இத்தனை நாளில் ஏன் என்று என்னிடம் யாரும் கேட்கவில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. நிறையச் சொல்லலாம் என்று தோன்றியது. கைப்பையைப் பிடித்திருந்தேன். உள்ளே சாரின் கடிதம்.

“குடும்பச் சூழ்நிலை காரணமாக, மேடம்.”

பக்கத்தில் இருந்த எழுத்தர் சிரித்துவிட்டார். அதிகாரி அம்மா சிரிக்கவில்லை.

“போக முடியாதவங்கதாம்மா அப்படிச் சொல்லுவாங்க.”

“தெரியும் மேடம்.”

பிறகு கண்ணாடியை இறக்கிக்கொண்டு கையெழுத்துப் போட்டார். திரையில் கூடலூர் மறைந்தது.

அடுத்த பெயர் சுடலைமணி.

ஜூன் 6, வெள்ளி

அலுவலகத்தில் நான் தியாகி ஆகிவிட்டேன். சார் எழுந்து நின்று கும்பிட்டார். “ஒரு குழந்தைக்காக ஊரையே விட்டுக் குடுத்திருக்கு இந்தப் பொண்ணு” என்று போனில் யாரிடமோ சொல்லிக்கொண்டிருந்தார். சுடலைமணி அண்ணனுடைய மனைவி வேலை முடிந்து வந்த சீருடையோடு நேராக அலுவலகத்துக்கே வந்து என் கையைப் பிடித்துக்கொண்டார்.

“இல்ல மதினி, எனக்குப் பிடிச்ச ஊர், அதான் போறேன்” என்றேன்.

“நீங்க அப்படித்தான் சொல்லுவீங்க” என்று அழுதார்.

எத்தனை முறை உண்மையைச் சொன்னாலும் அதை அடக்கம் என்று எடுத்துக்கொள்கிறார்கள். தமயந்திக்காக நான் போகவில்லை. தமயந்திக்கு நல்லது நடந்தால் எனக்குச் சந்தோஷம். இரண்டும் வேறு.

ஞானசௌந்தரி அக்கா மட்டும் புகழவில்லை. போகும்போது, “அந்த லெட்டரை என்ன செஞ்ச?” என்று கேட்டார்.

“பையிலதான் இருக்கு.”

“கையெழுத்துப் போடாததுதானே? குடு, பின்னாடி வெள்ளையா இருக்கும். கணக்குப் போட ஆகும்.”

கொடுத்தேன்.

ஜூன் 8, ஞாயிறு

கூடலூர் என்று மட்டும்தான் வீட்டில் சொல்லியிருந்தேன்; பெரியம்மா ஊர்ப் பக்கம்தானே என்று அண்ணனும் விட்டுவிட்டான். அம்மா பெரியம்மாவுக்கென்று கடலை மிட்டாய் பாக்கெட் கட்டினாள். அப்போதுதான் சொன்னேன். அது வேறு கூடலூர்.

அம்மா அழுதாள். மதினி குழந்தையைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனாள். அண்ணன் கத்தினான். யாரைக் கேட்டு முடிவு பண்ணினாய், ஊரில் என்ன பேசுவார்கள், வயசு என்ன ஆகிறது, கல்யாணம் பார்க்க வேண்டாமா என்றான்.

“பாரு. நான் போனிலயும் பேசுவேன், நேரிலயும் வருவேன். கொஞ்சமாப் பேசுறவரானாலும் சரி, நிறையப் பேசுறவரானாலும் சரி” என்றேன்.

சத்தம் நின்றது. பிறகு தணிந்த குரலில், “கார்டு?” என்றான்.

“எங்கிட்டதான் இருக்கு. வீட்டுக்கு மாசாமாசம் அம்மா பேருக்கு அனுப்புதேன்.”

அப்பா எழுந்து, கட்டி வைத்திருந்த மிட்டாய்ப் பாக்கெட்டை எடுத்து என் பையில் வைத்தார். “அந்தக் கூடலூர்லயும் ஆளுக இருப்பாகள்ல” என்றார்.

ஜூன் 16, திங்கள்

கூடலூர். முற்பகலில் பணியேற்றேன். அலுவலகம் சின்னது, எதிரில் தேயிலைச் சரிவு. மிட்டாய் கொடுத்தேன். ஒரு நொடியில் தீர்ந்துவிட்டது. வாடகை அறைக்கு ஒரு ஜன்னல், ஒரு மேசை, உள்ளே தாழ்ப்பாள். தாழ்ப்பாளைப் போட்டுப் பார்த்தேன், திறந்தேன், மறுபடி போட்டேன்.

மழை விடவே இல்லை. ஸ்வெட்டரை எடுத்துப் போட்டுக்கொண்டேன். சாயங்காலம் அப்பா போன் செய்தார். அவராகப் போன் செய்வது அபூர்வம். போனை ஜன்னல் பக்கம் நீட்டி அவருக்கு மழைச் சத்தத்தைக் காட்டினேன்.

“அளவு சரியா இருக்கா?” என்றார்.

“சரியா இருக்குப்பா.”